கல்யாணம் 1999-இல், போட்டோ இப்போது: தேதியை மட்டும் மாற்றாதீர்கள்

விழுப்புரம் மாவட்டத்திலிருந்து ஒரு சகோதரி நீண்ட கடிதம் எழுதியிருக்கிறார். அடையாளம் தெரியக்கூடிய விவரங்களை எடுத்துவிட்டுச் சாரத்தை மட்டும் இங்கே தருகிறேன்.

"நானும் என் கணவரும் வேறு வேறு சாதி. இருவரும் இந்துக்கள்தான். 1999 ஆவணி மாதம் வீட்டை எதிர்த்துத் திருமணம் செய்துகொண்டோம். அப்போது எனக்கு 21 வயது, அவருக்கு 26. பக்கத்து ஊரில் இயக்கத் தோழர் ஒருவர் வீட்டுத் திண்ணையில், அவர் தலைமையில், ஏழெட்டு நண்பர்கள் முன்னால் உறுதிமொழி சொல்லி மாலை மாற்றிக்கொண்டோம். தாலி இல்லை, ஐயர் இல்லை. போட்டோவும் எடுக்கவில்லை. எடுத்தால் ஸ்டுடியோக்காரர் மூலம் ஊருக்குத் தெரிந்து என் அண்ணன்கள் வந்துவிடுவார்கள் என்று பயம். பதிவும் செய்யவில்லை. அவர் இப்போது மின்வாரியத்தில் வயர்மேன். 2002-இல் மகள் பிறந்தாள். பேத்தியைப் பார்க்க வந்த பிறகுதான் என் அப்பா என்னுடன் பேச ஆரம்பித்தார். 2011-இல் இறந்துவிட்டார்.

"இப்போது மகளுக்கு வரன் பார்க்கிறோம். பெண் பார்க்க வந்த மாப்பிள்ளையின் அம்மா கூடத்துச் சுவரைப் பார்த்துவிட்டு, 'உங்க கல்யாண போட்டோ எங்கே?' என்று கேட்டார். சட்டென்று, 'தானே புயல்ல தண்ணி பூந்து போயிடுச்சு' என்று சொல்லிவிட்டேன். அன்று ராத்திரி தூக்கம் வரவில்லை. மகளுக்கு விஷயம் தெரியும். 'அம்மா, இப்ப எடுத்துக்கலாம்' என்று ஒரு ஸ்டுடியோவில் பேசி அட்வான்ஸ் கொடுக்கப் போகிறாள். ஸ்டுடியோக்காரர் ஏஐ வைத்து எங்கள் இருவரையும் இளவயதாக்கித் தருவாராம். ரேஷன் கார்டில் இருக்கும் அப்பா படத்தை வைத்து, அவர் பக்கத்தில் நின்று ஆசீர்வதிக்கிற மாதிரி செய்வாராம். கீழே 12.9.1999 என்று போடுவாராம். பக்கத்து வீட்டில் ஒரு ரிட்டயர்டு கிளார்க் இருக்கிறார். அவர், 'போட்டோ இல்லேன்னா கல்யாணமே செல்லாதும்மா. பேசாம கோயில்ல ஒரு தாலியக் கட்டி, ரசீது வாங்கி, அதை வச்சு ரிஜிஸ்டர் பண்ணிடுங்க. நாளைக்கு பென்ஷன் வரணும் இல்ல?' என்கிறார். கணவரோ, 'இந்த வயசுல எதுக்கு வேஷம்?' என்று எழுந்து போய்விடுகிறார். மாமியார், 'ரெண்டாம் தடவை மாலை மாத்தினா ஆகாது' என்கிறார். எங்கள் கல்யாணம் செல்லுமா? புதுப் படத்தைப் பதிவுக்குக் கொடுக்கலாமா? கோயிலில் தாலி கட்டிக்கொள்ளலாமா? இல்லை, இந்த ஆசையையே விட்டுவிடட்டுமா?"

அன்புள்ள சகோதரிக்கு,

முதலில் அந்தத் தூக்கம் வராத ராத்திரிக்கு ஒரு பதில். உங்கள் கல்யாணம் செல்லும். இன்று நேற்றல்ல, அந்தத் திண்ணையில் மாலை மாற்றிக்கொண்ட நிமிடத்திலிருந்தே செல்லும்.

இந்து திருமணச் சட்டத்தில் 7-ஏ என்று ஒரு பிரிவு இருக்கிறது. அண்ணா முதலமைச்சராக இருந்தபோது தமிழ்நாடு சட்டமன்றம் 1967-இல் கொண்டுவந்த திருத்தம் அது. 1968 ஜனவரியில் நடைமுறைக்கு வந்தது. உறவினர்கள், நண்பர்கள் அல்லது வேறு யாராவது முன்னிலையில், இருவரும் தங்களுக்குப் புரிகிற மொழியில் ஒருவரை ஒருவர் கணவன் மனைவியாக ஏற்பதாகச் சொல்லலாம். அல்லது மாலை மாற்றிக்கொள்ளலாம், விரலில் மோதிரம் போடலாம். அல்லது தாலி கட்டலாம். இவற்றில் எது ஒன்று நடந்தாலும் திருமணம் முடிந்தது. நீங்கள் உறுதிமொழியும் சொன்னீர்கள், மாலையும் மாற்றினீர்கள். புரோகிதர் வேண்டாம், அக்னி வேண்டாம், ஏழு அடி நடக்க வேண்டாம் என்பதை 2001-இல் நாகலிங்கம் - சிவகாமி வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது.

உங்களுக்கு இன்னும் நெருக்கமான தீர்ப்பு ஒன்று 2023 ஆகஸ்ட் 28 அன்று வந்தது. இளவரசன் என்பவர் தொடுத்த வழக்கு. ஊருக்குத் தெரியாமல் ஒளித்துச் செய்கிற சுயமரியாதைத் திருமணம் செல்லாது என்று சென்னை உயர் நீதிமன்றத்தில் 2014-இல் ஒரு தீர்ப்பு இருந்தது. பெற்றோர் எதிர்ப்புக்குப் பயந்து திருமணம் செய்கிறவர்களை ஊரறிய அறிவித்துத்தான் செய்ய வேண்டும் என்று கட்டாயப்படுத்தினால் அவர்கள் உயிருக்கே ஆபத்தாகலாம் என்று சொல்லி, உச்ச நீதிமன்றம் அதை ஏற்க மறுத்தது. உங்கள் பயமும் அதேதான். போட்டோ எடுக்காதது உங்கள் குறையல்ல.

போட்டோ இல்லாவிட்டால் கல்யாணம் செல்லாது என்று உங்கள் பக்கத்து வீட்டுக்காரருக்குத் தோன்றியதில் வியப்பில்லை. எழுபதுகள், எண்பதுகளில் கல்யாணம் செய்த எத்தனையோ வீடுகளில் பத்திரிகைகூட மிஞ்சியிருக்காது. கூடத்தில் மாட்டிய அந்த ஒரு படம்தான் மிஞ்சியிருக்கும். கறுப்பு வெள்ளையில் எடுத்து, நெற்றிப் பொட்டுக்கும் புடவைக் கரைக்கும் மட்டும் கையால் சிவப்புத் தீட்டிய படம். ஐயா நாற்காலியில் உட்கார்ந்திருப்பார், அம்மா தோள் பக்கம் நிற்பார். அதைப் பார்த்தே வளர்ந்தவர்களுக்குப் படம்தான் கல்யாணம் என்று மனதில் பதிந்துவிடுகிறது. எங்கள் வக்கீல் தொழிலும் அதை வளர்த்திருக்கிறது. காதலித்துவிட்டு அடைக்கலம் கேட்டு வரும் ஜோடிகளை, வக்கீல்கள் முதல் வேலையாக ஜூனியர் ஒருவருடன் எதிரே உள்ள ஸ்டுடியோவுக்குத்தான் அனுப்புவார்கள். மாலையும் கழுத்துமாக ஒரு படம் எடுத்து, நான்கு பிரதி போட்டு, எஸ்.பி. அலுவலகத்தில் கொடுக்கும் மனுவோடு இணைப்பார்கள். "பெண்ணைக் கடத்திவிட்டான்" என்று புகார் வந்தால் உடனே காட்டுவதற்கு அது ஒரு கேடயம். அவ்வளவுதான் அதன் வேலை.

நீதிமன்றத்தில் போட்டோ என்பது பல சான்றுகளில் ஒன்று. அதை வைத்து ஒரு திருமணம் உண்டாவதுமில்லை, அது இல்லாமல் இருக்கிற திருமணம் இல்லாமல் போவதுமில்லை. பதிவுச் சான்றிதழுக்கும் இது பொருந்தும். டோலி ராணி வழக்கில் 2024 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் சொன்னது இதைத்தான். சடங்கே நடக்காமல் சான்றிதழ் மட்டும் வாங்கிய ஜோடிக்கு, இந்து திருமணச் சட்டப்படி உங்களுக்குள் திருமணமே நடக்கவில்லை என்று தீர்ப்பானது. உங்கள் கதை நேர் எதிர். திருமணம் நடந்திருக்கிறது, காகிதம்தான் இல்லை. காகிதம் வாங்குவது சுலபம்.

உங்களிடம் ஏற்கெனவே இருக்கும் சான்றுகள்

உட்கார்ந்து ஒரு பட்டியல் போடுங்கள். குடும்ப அட்டையில் நீங்கள் மனைவி. வாக்காளர் பட்டியலில் உங்கள் பெயருக்கு நேரே கணவர் பெயர். மகளின் பிறப்புச் சான்றிதழில் அப்பா அம்மாவாக நீங்கள் இருவரும். அவள் பள்ளி மாற்றுச் சான்றிதழ், எல்ஐசி பாலிசியில் வாரிசு நியமனம், பிரசவ ஆஸ்பத்திரி அட்டை. இவை எல்லாவற்றையும்விட முக்கியமானது, மின்வாரியத்தில் இருக்கும் உங்கள் கணவரின் பணிப்பதிவேடு. குடும்ப விவரத்தில் மனைவி என்று உங்கள் பெயர் சரியாக இருக்கிறதா, எழுத்துப் பிழை உண்டா, திருமணத் தேதி எங்காவது குறிக்கப்பட்டிருக்கிறதா என்று அவரை ஒருநாள் அலுவலகத்தில் பார்க்கச் சொல்லுங்கள். குடும்ப ஓய்வூதியத்துக்கு முதலில் பார்ப்பது அந்தப் பதிவுகளைத்தான். யாரும் ஆல்பத்தைக் கேட்கப் போவதில்லை.

ஆணும் பெண்ணும் நெடுங்காலம் கணவன் மனைவியாக வாழ்ந்தால், அவர்கள் திருமணம் செய்தவர்கள் என்றே சட்டம் அனுமானிக்கும். மறுக்கிறவர்தான் இல்லையென்று நிரூபிக்க வேண்டும். ஏறக்குறைய ஐம்பது வருடம் சேர்ந்து வாழ்ந்த ஒரு தம்பதியின் திருமணத்துக்குச் சாட்சி கேட்டு வந்த வழக்கை, பத்ரி பிரசாத் வழக்கு என்பார்கள், நீதிபதி கிருஷ்ணய்யர் 1978-இல் இந்த அடிப்படையிலேயே தள்ளுபடி செய்தார்.

இவ்வளவும் இருந்தாலும் ஒரு சான்றுக்கு மட்டும் அவசரம் உண்டு. உங்கள் திருமணத்துக்குத் தலைமை தாங்கிய தோழருக்கு இப்போது எழுபத்தெட்டு வயது என்று கடிதத்தின் ஓரத்தில் எழுதியிருக்கிறீர்கள். ஸ்டுடியோவுக்கு அட்வான்ஸ் கொடுப்பதற்கு முன்னால் அவரைப் போய்ப் பாருங்கள். எந்தத் தேதி, எந்த ஊர், யார் வீடு, யார் யார் இருந்தார்கள், என்ன உறுதிமொழி, மாலை மாற்றியது, எல்லாவற்றையும் அவர் சொல்லச் சொல்ல எழுதி, பிரமாணப் பத்திரமாகத் தயார் செய்து, நோட்டரி முன்னால் கையெழுத்து வாங்குங்கள். அன்று உடனிருந்த நண்பர்களில் இரண்டு பேரிடமும் அதேபோல் வாங்குங்கள். அந்தக் காலத்துத் தோழர்கள் பலரிடம் நாட்குறிப்பு எழுதும் பழக்கம் உண்டு. 1999-ஆம் வருட டைரியைப் பரணில் தேடிப் பார்க்கச் சொல்லுங்கள். ஒரு வரி கிடைத்தாலும் போதும். எந்த ஸ்டுடியோ படத்தையும்விட அதற்கு மதிப்பு அதிகம். யார் கண்டார்கள், அங்கே யாராவது ஒரு நண்பர் கேமராவும் கொண்டுவந்திருக்கலாம். கேட்டுப் பாருங்கள்.

பதிவு செய்யுங்கள், ஆனால் உண்மையான தேதியில்

பதிவு செய்யாதது குற்றமோ என்ற பயம் உங்கள் கடிதத்தில் தெரிகிறது. இல்லை. திருமணங்களைக் கட்டாயமாகப் பதிய வேண்டும் என்ற தமிழ்நாட்டுச் சட்டம் 2009 நவம்பர் 24 முதல் நடக்கும் திருமணங்களுக்குத்தான். உங்களுடையது அதற்குப் பத்து வருடம் முந்தியது. அதை இந்து திருமணச் சட்டத்தின் 8-ஆம் பிரிவின்படி பதியலாம். பதியாமல் விட்டாலும் திருமணத்தின் செல்லுபடிக்குக் குறைவில்லை என்று அந்தப் பிரிவே சொல்கிறது.

சார்பதிவாளர் அலுவலகத்தில் வழக்கமாகக் கேட்பது பத்திரிகை அல்லது கோயில் ரசீது. உங்களிடம் இரண்டும் இல்லை. அதற்குத்தான் மேலே சொன்ன பிரமாணப் பத்திரங்கள். அவற்றோடு வயது, முகவரிச் சான்றுகள், சாட்சிகள், பாஸ்போர்ட் சைஸ் படங்கள். கவனியுங்கள், அவர்கள் கேட்பது இன்றைய முகத்தைக் காட்டும் பாஸ்போர்ட் சைஸ் படம்தான். மணக்கோலப் படத்தைப் போட்டுத் திருமணத்தை நிரூபிக்க வேண்டிய அவசியமே இல்லை. ஒரு அலுவலகத்தில் போதும் என்பதை இன்னொரு அலுவலகத்தில் போதாது என்பார்கள். வாயால் மறுத்தால் திரும்பி வந்துவிடாதீர்கள். காரணத்தை எழுத்தில் கேளுங்கள். அதை வைத்து மாவட்டப் பதிவாளரிடம் போகலாம்.

அதுவும் இழுத்தடித்தால் இன்னொரு வழி இருக்கிறது. சிறப்புத் திருமணச் சட்டம், 1954, 15-ஆம் பிரிவு. ஏற்கெனவே வேறு முறையில் திருமணம் செய்து சேர்ந்து வாழ்கிறவர்கள் அதன்படி பதிந்துகொள்ளலாம். விண்ணப்பிக்கும் முன் முப்பது நாள் அந்த மாவட்டத்தில் குடியிருந்திருக்க வேண்டும். முப்பது நாள் அறிவிப்பு ஒட்டுவார்கள். பிறகு மூன்று சாட்சிகளோடு கையெழுத்து. அறிவிப்பு ஒட்டுவதுதான் காதல் ஜோடிகளைப் பயமுறுத்துகிற விஷயம். கால் நூற்றாண்டு குடும்பம் நடத்திய உங்களுக்கு அதில் பயப்பட என்ன இருக்கிறது?

இப்போது கோயில் தாலிக்கு வருகிறேன். உங்கள் கடிதத்திலேயே எனக்குக் கவலை தந்த இடம் இதுதான். கோயிலில் தாலி கட்டிக்கொள்வதில் சட்டப்படி எந்தத் தடையும் இல்லை. ஆசை இருந்தால் தாராளமாகச் செய்யுங்கள். ஆனால் அந்த ரசீதைக் கொண்டுபோய், அந்தத் தேதியைத் திருமணத் தேதியாகப் போட்டுப் பதிவு செய்தீர்கள் என்றால், நடக்காத ஒன்றை நீங்களே எழுதிக் கொடுத்ததாகிவிடும். சான்றிதழின்படி உங்கள் கல்யாணம் இந்த வருடம். மகள் பிறந்தது 2002. பணிப்பதிவேட்டில் பல வருடங்களாக மனைவி என்று இருக்கும் பெயருக்கும் புதிய சான்றிதழுக்கும் முட்டும். நாளைக்கு உங்கள் மகள் வெளிநாடு போய், உங்களை அழைக்க விசா போடும்போது அங்கே உள்ள அதிகாரி இரண்டு தேதியையும் பார்த்துக் கேள்வி கேட்பார். சொத்தில் பங்கு கேட்டு யாராவது தகராறு செய்தால், "இவர்களுக்குக் கல்யாணமே இப்போதுதான் நடந்தது, இதோ அவர்களே கையெழுத்துப் போட்டிருக்கிறார்கள்" என்று எதிர்தரப்பு வக்கீல் அந்தச் சான்றிதழைத்தான் தூக்கிக் காட்டுவார். குழந்தைகளின் உரிமையைச் சட்டம் பல வழிகளில் காப்பாற்றும்தான். ஆனால் இல்லாத ஒரு கேள்வியை நாமே உண்டாக்கி, அதற்குப் பதில் சொல்லிக்கொண்டு கோர்ட்டுக்கு அலைய வேண்டுமா? நல்லெண்ணத்தில் யாரோ சொன்னதைக் கேட்டு இப்படிப் பதிந்துவிட்டுத் தேதியைத் திருத்த அலைகிறவர்களை நான் பார்த்துக்கொண்டே இருக்கிறேன். தயவுசெய்து இதை மட்டும் செய்யாதீர்கள்.

ஸ்டுடியோக்காரர் சொன்ன மூன்று விஷயங்கள்

படத்தில் 12.9.1999 என்று போட்டு வீட்டில் மாட்டிக்கொள்வது குற்றமல்ல. உங்கள் சுவர், உங்கள் படம். ஆனால் அதே படத்தை 1999-இல் எடுத்தது என்று சொல்லி ஏதாவது ஒரு அலுவலகத்தில் கொடுத்தால் அது பொய் ஆவணம், இந்திய தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதாவில் அதற்குத் தண்டனை உண்டு. கண்டுபிடிப்பதும் கஷ்டமில்லை. டிஜிட்டல் கோப்பில் எடுத்த நாளும் கேமராவும் பதிவாகியிருக்கும். படத்தைச் சான்றாகக் கொடுக்க வேண்டுமென்றால், பாரதிய சாட்சிய சட்டத்தின் 63-ஆம் பிரிவின்படி அந்தக் கோப்பு எங்கிருந்து, எந்தக் கருவியிலிருந்து வந்தது என்று சான்றளித்துக் கையெழுத்துப் போட வேண்டும். ஒரு பொய் அகப்பட்டால், உங்களிடம் இருக்கும் பத்து உண்மையான காகிதங்களையும் நீதிபதி சந்தேகத்தோடுதான் பார்ப்பார்.

அதனால் தேதி போட ஆசையிருந்தால் இரண்டையும் போடுங்கள்: மணநாள் இது, படம் எடுத்த நாள் இது என்று. எனக்கு அதுதான் அழகாகவும் படுகிறது.

முகத்தை இளமையாக்குவது சட்டக் கேள்வியே இல்லை. இருந்தாலும் கேட்டீர்கள் என்பதால் சொல்கிறேன். வேண்டாம். அந்த இயந்திரம் தரப்போவது 21 வயது நீங்கள் இல்லை, உங்கள் சாயலில் யாரோ ஒரு பெண். இரண்டு குடும்பத்தின் கோபத்தையும் தாங்கி, வாடகை வீடு வாடகை வீடாக மாறி, ஒரு பிள்ளையை வளர்த்துப் படிக்கவைத்த முகம் இப்போது உங்களிடம் இருக்கிறது. அவர் முன்நெற்றி ஏறியிருக்கும், உங்கள் காதோரம் நரைத்திருக்கும். மேக்கப் போடுங்கள், பூ வையுங்கள், பட்டு கட்டுங்கள். முகத்தை மட்டும் விட்டுவிடச் சொல்லுங்கள்.

அப்பா விஷயம்தான் கனமானது. மூன்று வருடம் பேசாமல் இருந்தவர், பேத்தியைப் பார்க்க ஒரு பை நிறைய முறுக்கும் வெள்ளி அரைஞாணும் கொண்டுவந்து வாசலிலேயே நின்றார் என்று எழுதியிருக்கிறீர்கள். அந்த வரியைப் படித்துவிட்டுக் கொஞ்ச நேரம் கடிதத்தை மூடி வைத்தேன். உங்களுக்கு அவர் ஆசீர்வாதம் வேண்டும். அது இயல்பு. ஆனால் 1999-இல் அவர் பக்கத்தில் நின்று ஆசீர்வதிப்பதாக ஒரு படம் இருந்தால், அவர் மனம் மாறி வந்து வாசலில் நின்ற அந்த நாள் அழிந்துபோகும். உங்கள் அண்ணன்களுக்கும் அந்தப் படம் உறுத்தும், புதிதாக ஒரு பேச்சு கிளம்பும். அதற்குப் பதிலாக அவருடைய உண்மையான படம் ஒன்றை எடுத்துச் செல்லுங்கள். ரேஷன் கார்டு படம் வேண்டாம். பேத்தியை மடியில் வைத்துக்கொண்டு எடுத்தது ஏதாவது இருக்கும். ஃபிரேம் போட்டுப் பக்கத்தில் ஒரு ஸ்டூலில் வைத்து, நீங்கள் மூன்று பேரும் நின்று எடுத்துக்கொள்ளுங்கள். அதில் எதுவும் பொய்யில்லை.

மாமியாரும் கணவரும்

மாமியாருக்குப் பதில் சொல்வது எளிது. திருக்கடையூரில் அமிர்தகடேசுவரர் கோயிலுக்கு ஒருமுறை அழைத்துப்போய்க் காட்டுங்கள். அறுபது முடிந்தவர்கள், எழுபது ஆனவர்கள், எண்பது கண்டவர்கள் பேரன் பேத்திகள் சூழ மறுபடி மாலை மாற்றி, மறுபடி தாலி கட்டுகிறார்கள். மணிவிழாவுக்கு ஆகாத மாலை எதுவும் கிடையாது. உங்கள் திருமணம் சடங்கில்லாத திருமணம் என்றாலும், மாமியாருக்குப் புரிகிற பாஷை இதுதான் என்பதால் சொல்கிறேன். கணவரின் கொள்கைக்கு இடைஞ்சல் என்றால் கோயிலுக்குப் போகாமலே அந்தப் படங்களைப் போனில் காட்டினாலும் போதும்.

கணவரிடம் கொஞ்சம் பொறுமை வேண்டும். வேஷம் என்கிறார் இல்லையா, அந்தச் சொல்லுக்குப் பின்னால் என்ன இருக்கிறது என்று கேட்டிருக்கிறீர்களா? அன்றைக்கு உங்களுக்குப் பயம் என்றால் அவருக்கும் பயம்தான். துரத்தி வந்தால் அடி யாருக்கு விழுந்திருக்கும்? இப்படித் திருமணம் செய்த ஆண்கள் பலர் அந்த நாளைப் பற்றி வீட்டில் பேசுவதே இல்லை. மனைவிக்கு ஒரு பட்டுப்புடவைகூட வாங்கித் தர முடியவில்லையே என்ற குறுகுறுப்பு உள்ளே இருக்கும். போட்டோ என்று நீங்கள் சொல்லும்போது "அன்றைக்கு நீ எனக்கு ஒன்றும் செய்யவில்லை" என்று அவர் காதில் விழுகிறதோ என்னவோ. தோழர் வீட்டுக்குப் போகச் சொன்னேன் அல்லவா, அவரையும் கூட்டிக்கொண்டு போங்கள். அந்தத் திண்ணை இன்னும் இருந்தால் அதில் உட்கார்ந்து தேநீர் குடியுங்கள். பேச்சு தானாக வரும்.

அதற்கப்புறமும் வேண்டாம் என்றால் வற்புறுத்தாதீர்கள். மணக்கோலம் வேண்டாம், வேட்டி சட்டையில் பக்கத்தில் உட்காருகிறேன் என்று ஒருவேளை சம்மதிப்பார். அதையும் ஏற்றுக்கொள்ளுங்கள். இப்படி ஒரு சாதாரண ஜோடிப் படம் எதற்கும் உதவும். பாஸ்போர்ட்டில் கணவர் பெயரைச் சேர்க்க, திருமணச் சான்றிதழ் இல்லாதவர்கள் இருவரும் சேர்ந்திருக்கும் படத்தை ஒட்டிக் கூட்டு உறுதிமொழி கொடுக்கலாம். மகளை வைத்து அவருக்குத் தெரியாமல் ஏற்பாடு செய்து கடைசி நிமிடத்தில் ஸ்டுடியோவில் நிறுத்துவது, சமூக ஊடகங்களில் பார்க்க நன்றாக இருக்கும். உங்கள் கணவர் மாதிரி ஆளுக்கு அது சரிவராது.

அட்வான்ஸ் கொடுக்கும் முன்

ஸ்டுடியோவிடம் எழுத்தில் வாங்குங்கள். வாட்ஸ்அப் செய்தியாக இருந்தாலும் சரி. எத்தனை படம், ஆல்பம் எத்தனை பக்கம், புடவை, கவரிங் நகை, மேக்கப் இதெல்லாம் பேக்கேஜில் சேர்த்தியா தனியா, எந்தத் தேதிக்குள் கைக்கு வரும், எடிட் செய்யாத கோப்புகளையும் பென் டிரைவில் தருவார்களா, ரத்து செய்தால் அட்வான்ஸில் எவ்வளவு திரும்பும். ஏஐ வேலை எதுவும் வேண்டாம் என்பதையும் அதிலேயே எழுதச் சொல்லுங்கள். சொன்னபடி செய்யாவிட்டால் மாவட்ட நுகர்வோர் ஆணையத்துக்குப் போக இரண்டு வருடம் அவகாசம் உண்டு.

பெரும்பாலோருக்குத் தெரியாத ஒன்று: காசு கொடுத்து நாம் எடுக்கச் சொன்ன படத்தின் பதிப்புரிமை, வேறுவிதமாக ஒப்பந்தம் இல்லாத வரை, நமக்குத்தான். 1957-ஆம் ஆண்டு பதிப்புரிமைச் சட்டம் 17-ஆம் பிரிவில் இது இருக்கிறது. அதனால்தான் பில்லின் பின்பக்கம் பொடி எழுத்தில் "படங்களை விளம்பரத்துக்குப் பயன்படுத்த சம்மதம்" என்று சிலர் அச்சடித்து வைக்கிறார்கள். இந்த வயதில் மணக்கோலத்தில் நிற்கும் ஜோடி என்றால் இன்ஸ்டாகிராமில் நன்றாக ஓடும் என்று ஸ்டுடியோக்காரருக்குத் தெரியும். உங்கள் கணவர் ஏற்கெனவே கூச்சப்படுகிறார். அந்த வரியை அடித்துவிட்டுக் கையெழுத்துப் போடுங்கள்.

மகள் செஞ்சிக் கோட்டையில் அவுட்டோர் எடுக்கலாம் என்கிறாளாம். நல்ல இடம்தான். தொல்லியல் துறையின் பொறுப்பில் இருப்பதால் ட்ரைபாட் வைத்து எடுக்க முன் அனுமதி வேண்டும். அதை யார் வாங்குவது என்பதையும் முன்பே பேசிவிடுங்கள். கோயில் என்றால், உள்ளே செல்போனுக்குத் தடை விதிக்கச் சொல்லி 2022 டிசம்பரில் உயர் நீதிமன்ற மதுரைக் கிளை உத்தரவிட்டிருக்கிறது. அலுவலகத்தில் கேட்காமல் கேமராவைத் தூக்கிக்கொண்டு போய் நிற்க வேண்டாம். என்னைக் கேட்டால் அந்தத் தோழர் வீட்டுத் திண்ணையைவிட நல்ல இடம் எது? அனுமதிச் சீட்டும் வேண்டாம்.

கடைசியாக, மாப்பிள்ளை வீட்டாரிடம் சொன்ன அந்தப் பொய். படம் வந்த பிறகு அவர்கள் கண்ணில் படட்டும் என்று காத்திருக்காதீர்கள். நிச்சயத்துக்கு முன்பே சொல்லிவிடுங்கள். "அன்னைக்கு ஒரு பதற்றத்துல புயல்ல போச்சுன்னு சொல்லிட்டேன். நாங்க வீட்டை எதிர்த்துக் கல்யாணம் பண்ணிக்கிட்டவங்க. போட்டோ எடுக்கிற நிலைமையில அன்னைக்கு இல்ல. இப்பதான் எடுக்கப் போறோம்" என்று நீங்களே அந்த அம்மாவிடம் நேரில் சொல்லுங்கள். உங்கள் மகள் கலப்புத் திருமணத்தில் பிறந்தவள் என்பது அவர்களுக்கு எப்படியும் தெரியவரும். பின்னால் யாரோ சொல்லித் தெரிவதைவிட முன்னால் நீங்கள் சொல்லித் தெரிவது நல்லது. அதைக் கேட்டு முகம் சுளிக்கிற வீடு என்றால், நிச்சயத்துக்கு முன்னாலேயே தெரிந்துகொள்வது உங்கள் மகளுக்கும் நல்லதுதான்.

பிரமாணப் பத்திரத்தின் வாசகத்தை உங்கள் ஊர் வக்கீல் ஒருவரிடம் காட்டிச் சரிபாருங்கள். கட்டணம் கொடுக்க முடியாத நிலை என்றால் மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்குப் போகலாம். பெண்களுக்கு அங்கே வருமான வரம்பு பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு. சான்றிதழ் கைக்கு வரும் அன்று, கவுண்டரை விட்டு நகரும் முன் பெயர்களின் எழுத்தையும் திருமணத் தேதியையும் ஒன்றுக்கு இரண்டு முறை படித்துப் பாருங்கள். ஆதாரில் இருக்கும் இனிஷியலும் அதில் இருப்பதும் ஒன்றாக இருக்க வேண்டும். அங்கேயே சொன்னால் அங்கேயே திருத்துவார்கள்.